"எழுதிக்கொள், நான் அரபி": தர்வீஷ் பற்றி ஒரு கேள்வியும் என் பின்குறிப்புகளும்

வாசகர் கேள்வி: "மஹ்மூத் தர்வீஷ் என்றாலே எல்லோரும் 'எழுதிக்கொள், நான் அரபி' என்ற ஒரே கவிதையைத்தான் தூக்கிக்கொண்டு வருகிறார்கள். படித்துப் பார்த்தேன். மைக் முன்னால் நின்று கத்துகிற மாதிரி இருக்கிறது. இதற்கா அரபு உலகமே தலையில் வைத்துக் கூத்தாடுகிறது? அவர் கவிஞரா, கட்சிக்காரரா?"

2023 ஆகஸ்ட் 9, இரவு

நாள் பார்த்துக் கேட்டீர்களோ என்னவோ. 2008இல் இதே ஆகஸ்ட் 9 அன்றுதான் அமெரிக்காவின் ஹூஸ்டன் நகரத்து மருத்துவமனையில் இதய அறுவை சிகிச்சைக்குப் பிறகு பாலஸ்தீனக் கவிஞர் தர்வீஷ் இறந்தார். வயது 67. இன்றோடு பதினைந்து வருஷம்.

நீங்கள் சொல்கிற குறையை உங்களுக்கு முன்னால் சொன்ன ஆள் ஒருவர் உண்டு. தர்வீஷேதான். பெய்ரூட்டில் அவர் மேடை ஏறியபோது கூட்டம் "ஸஜ்ஜில்" வேண்டும் என்று கேட்டது. அந்தக் கவிதையின் முதல் சொல் அது, "எழுதிக்கொள்" என்று அர்த்தம். அவர் வாசிக்க மறுத்துவிட்டார். ஏன் என்றால், அது ஒரு இஸ்ரேலிய குமாஸ்தாவைப் பார்த்துச் சொன்ன வார்த்தை. அரபி என்ற சொல்லையே வசவாக வைத்திருக்கிறவன் எதிரில் நின்று "ஆமாம், நான் அரபி, எழுது" என்பதில் ஒரு காரம் இருக்கிறது. பெய்ரூட்டில் ஆயிரம் அரபிகளுக்கு நடுவில் நின்று அதையே சொன்னால்? நம் ஊர் டீக்கடையில் எழுந்து நின்று "நான் தமிழன்" என்று அறிவிக்கிற மாதிரி. கடைக்காரர் "சரிண்ணே, டீயா காப்பியா" என்பார்.

கவிதை வந்தது 1964இல், 'ஒலிவ இலைகள்' தொகுப்பில். அப்போது அவருக்கு 23 வயது. அதற்கு அப்புறம் நாற்பத்து நான்கு வருஷம் எழுதினார். இருபதுக்கும் மேற்பட்ட தொகுப்புகள், உரைநடை தனி. 19 வயதில் போட்ட முதல் தொகுப்பையோ தன் கணக்கிலேயே சேர்க்கவில்லை. தன் பழைய எழுத்தை இவ்வளவு இரக்கமில்லாமல் தள்ளிவைத்த இன்னொரு கவிஞரை நான் பார்த்ததில்லை.

சுருக்கமாக ஊர் விவரம். பிறந்தது 1941 மார்ச் 13, கலிலேயாவில் அல்-பிர்வா என்ற கிராமம். அக்காவுக்குக் கிழக்கே பத்துக் கிலோமீட்டர் போல (அக்கா என்பது ஊர்ப் பெயர், சிரிக்காதீர்கள்). ஆயிரத்து ஐந்நூறு பேர் போல வாழ்ந்த ஊர். 1948 ஜூனில் ஊர் இஸ்ரேல் படையிடம் விழுந்தது. ஏழு வயதுப் பையன் குடும்பத்தோடு லெபனானுக்கு நடந்தான். ஒரு வருஷம் கழித்துக் குடும்பம் எல்லை தாண்டித் திருட்டுத்தனமாகத் திரும்பி வந்தபோது ஊர் இல்லை. இன்று அந்த நிலத்தில் யஸூர், அஹிஹுத் என்று இரண்டு யூதக் குடியிருப்புகள். பிறகு ஹைஃபா, பத்திரிகை வேலை, ஐந்து முறை சிறை, வீட்டுக்காவல். கடைசியில் இஸ்ரேல் அவரை நாடு கடத்தியது.

மீதி நாளைக்கு.

2023 ஆகஸ்ட் 10, காலை

திருத்தம். நேற்று தூக்கக் கலக்கத்தில் "நாடு கடத்தியது" என்று எழுதிவிட்டேன். தப்பு. அவராகப் போனவர். 1970இல் படிக்க மாஸ்கோ போனார். 1971இல் ஹைஃபாவுக்குத் திரும்பாமல் கெய்ரோவில் இறங்கி அல்-அஹ்ராம் பத்திரிகையில் சேர்ந்துவிட்டார். 1973இல் பெய்ரூட் போய் பி.எல்.ஓ.வோடு (பாலஸ்தீன விடுதலை இயக்கம்) இணைந்ததும் இஸ்ரேல் கதவைச் சாத்தியது.

சின்ன வித்தியாசம் மாதிரித் தெரியும். ஆனால் ஊரிலேயே கிடந்து, சிறைக்குப் போய் வந்து எழுதிக்கொண்டிருந்த கூட்டாளிகளுக்கு அவர் போனது ஆறாத வருத்தம். துரத்தப்பட்டவனுக்கு ஊரை நினைத்தால் அழுகை வரும். தானாகப் போனவனுக்கு அழுகையோடு ஒரு கூச்சமும் வரும். அவர் பிற்காலக் கவிதைகளில் அந்தக் கூச்சம் எனக்குக் கேட்கிறது. பதினோரு வருஷம் ஷார்ஜாவில் உட்கார்ந்து ஊரைப் பற்றி உருகியவன் என்ற முறையில் சொல்கிறேன், அந்தக் கூச்சம் எனக்குப் பழக்கம். என்னை யாரும் துரத்தவில்லை. வீட்டுக் கடன்தான்.

2023 ஆகஸ்ட் 10, இரவு

ஒருவர் கேட்கிறார்: "கவிதையில் எனக்கு எட்டுக் குழந்தைகள், ஒன்பதாவது கோடைக்கு அப்புறம் பிறக்கும் என்கிறாரே, அந்தப் பிள்ளைகளெல்லாம் இப்போது எங்கே இருக்கிறார்கள்?"

எங்கேயும் இல்லை. எழுதும்போது அவர் கல்யாணமாகாத பையன். பிறகு இரண்டு கல்யாணம், இரண்டும் நிலைக்கவில்லை, குழந்தை கிடையாது. முதல் கேள்வி கேட்டவரின் மனக்குறைக்குப் பதிலும் இங்கேதான் இருக்கிறது. கவிதையில் பேசுகிற "நான்" தர்வீஷ் இல்லை. அந்த ஆள் கல்குவாரியில் வேலை பார்க்கிறான், எட்டுப் பிள்ளைகளுக்கு அந்தக் கல்லிலிருந்துதான் ரொட்டியும் துணியும் நோட்டும் எடுக்கிறான். தர்வீஷின் அப்பா ஸலீம், நிலம் வைத்திருந்த விவசாயி, 1948க்குப் பிறகு கல்குவாரிக் கூலி. அவருக்குப் பிள்ளைகள் எட்டு. மஹ்மூத் இரண்டாவது.

இன்னொன்று. பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது இஸ்ரேல் சுதந்திர நாள் விழாவில் சிறுவன் மஹ்மூத் ஒரு கவிதை வாசித்தான். ஒரு அரபுப் பையன் யூதப் பையனிடம் பேசுகிற கவிதை: உனக்கு வீடு இருக்கிறது, எனக்கு இல்லை, உனக்கு விளையாட்டுச் சாமான் இருக்கிறது, எனக்கு இல்லை. மறுநாள் ராணுவ ஆளுநர் கூப்பிட்டு அனுப்பினார். இந்த மாதிரி எழுதிக்கொண்டிருந்தால் உன் அப்பனுக்குக் குவாரியில் வேலை இருக்காது என்று மிரட்டினார். அங்கே அரபிகள் மீது 1966 வரை ராணுவ ஆட்சிதான். பக்கத்து ஊருக்குப் போகவும் அனுமதிச் சீட்டு.

அப்படியானால் 1964இல் அந்தக் குரலைக் குவாரிக்காரனுக்குக் கொடுத்தது எதேச்சையாக இருக்குமா? ஆளுநர் எந்த ஆளை வைத்து மிரட்டினாரோ அதே ஆளைக் கொண்டுபோய் அதிகாரியின் மேஜைக்கு எதிரில் நிறுத்தியிருக்கிறான் மகன். இது என் ஊகம்தான். ஆனால் இதை யோசித்த பிறகு எனக்கு அது மைக் முன்னால் நிற்கிற கவிதையாகத் தெரியவில்லை.

"எழுதிக்கொள்" என்பதில் இன்னொரு கணக்கும் உண்டு. 1948 நவம்பரில் இஸ்ரேல் மக்கள்தொகைக் கணக்கெடுப்பு நடத்தியது. அன்று வீட்டில் இருந்தவன் பெயர் ஏட்டில் ஏறியது. தர்வீஷ் குடும்பம் அப்போது லெபனானில். திரும்பி வந்தபோது ஏட்டில் பெயர் இல்லை. அதனால் சட்டப்படி அவர்கள் "ஆஜரில் இருக்கும் ஆஜராகாதவர்கள்". இது நான் செய்த சிலேடை இல்லை, அந்த நாட்டு அதிகாரிகளே புழங்கிய வார்த்தை. ஆள் கண்ணெதிரே நிற்பான், வரி கட்டுவான், நிலம் மட்டும் "ஆள் இல்லாத சொத்து". 1950இல் அதற்கென்றே சட்டம் போட்டார்கள்.

ஏட்டில் ஏறாத பையன் பெரியவனாகி எழுதின முதல் பிரபலமான சொல் "ஏற்று".

2023 ஆகஸ்ட் 12

அம்மா கவிதையைப் பற்றி யாரும் பேசவில்லையே என்று ஒரு அக்கா (இது உடன்பிறந்த மாதிரி அக்கா) குறைபட்டிருக்கிறார். நியாயம்.

"அம்மாவின் ரொட்டிக்கு ஏங்குகிறேன், அம்மாவின் காப்பிக்கு" என்று தொடங்குவது. லெபனான் பாடகர் மார்ஸல் கலீஃபா மெட்டமைத்துப் பாடி அரபு நாடுகளில் வீடு வீடாகப் போனது. கதை இப்படி. தர்வீஷுக்குச் சின்ன வயதிலிருந்து ஒரு எண்ணம், அம்மா ஹூரிய்யாவுக்குத் தன்மேல் பாசம் இல்லையென்று. நடுப்பிள்ளைகளுக்கு வருகிற வியாதி, எங்கள் வீட்டில் எனக்கும் இருந்தது. சிறையில் இருந்தபோது அம்மா பார்க்க வந்தாள். அப்போதுதான் புரிந்தது. சிகரெட் பெட்டியின் உள்தாளில் கவிதை எழுதினார்.

விமர்சகர்கள் சும்மா இருப்பார்களா? அம்மா என்றால் தாய்நாடு, காப்பி என்றால் மண்ணின் மணம் என்று ஆரம்பித்துவிட்டார்கள். பிற்காலத்தில் ஒரு பத்திரிகைக்காரரிடம் அவர் சொன்னதன் சாரம்: என் அம்மா என் அம்மாதான், குறியீடு இல்லை.

நாமும் இதைத்தானே செய்கிறோம்? முதல் கேள்வியும் இதிலிருந்து பிறந்ததுதான். ஒருவனுக்குக் கொடி பிடிக்கிற வேலையைக் கொடுத்துவிட்டு, அவன் எது எழுதினாலும் கம்பு தெரிகிறதா என்று பார்ப்பது.

ரீட்டா யார் என்று கேட்டவருக்கு: அவர் இளம்வயதில் காதலித்த யூதப் பெண். ரீட்டா கவிதைக்காக வைத்த பெயர். 1967 போர் சமயம் அந்தப் பெண் கடற்படையில் சேர்ந்தார். "ரீட்டாவுக்கும் என் கண்களுக்கும் நடுவில் ஒரு துப்பாக்கி" என்பது உவமை இல்லை என்று இப்போது புரிந்திருக்கும்.

2023 ஆகஸ்ட் 13

2008இல் இந்தத் தேதியில்தான் மேற்குக் கரையிலுள்ள ரமல்லாவில் தர்வீஷை அடக்கம் செய்தார்கள். மூன்று நாள் துக்கம். பிறந்த ஊர் மண்ணில் இல்லை, குன்றின் மேல், கலாசார மாளிகைக்குப் பக்கத்தில். பிறகு அங்கே தோட்டமும் அருங்காட்சியகமும் கட்டி 2012இல் திறந்தார்கள். தோட்டத்தின் பெயர் அல்-பிர்வா. கட்டடக் கலைஞர் ஜஃபர் தூக்கான். 'மவ்தினீ' ('என் தாயகம்') பாட்டை எழுதிய கவிஞர் இப்ராஹீம் தூக்கானின் மகன், கவிஞர் ஃபத்வா தூக்கானின் அண்ணன் மகன். கவிஞர் வீட்டுப் பிள்ளை கவிஞருக்கு வீடு கட்டியிருக்கிறார்.

சரி, காப்பிக்கு வருகிறேன்.

ஷார்ஜா சனையாவில் (தொழிற்பேட்டை) நான் வேலை பார்த்த வண்டி உதிரிபாகக் கடையில் ஸ்டோர் கீப்பராக இருந்தவர் அபூ ரமி. லெபனானில் ஸைதாவுக்குப் பக்கத்திலுள்ள ஐன் அல்-ஹில்வே முகாமில் பிறந்தவர். அவர் அப்பாவின் ஊர் அக்கா பக்கம். பில்டர் டப்பாக்களுக்கும் பிரேக் ஷூ அட்டைப் பெட்டிகளுக்கும் நடுவில் ஒரு சின்ன மின்அடுப்பு வைத்திருந்தார். நீளக் கைப்பிடி வைத்த ரக்வாவில் தண்ணீர், சூடேறியதும் தூள், பொங்கி வரும்போது தூக்குவார், இறக்குவார், மறுபடி தூக்குவார். மூன்று தரம். அந்த நேரத்தில் வாடிக்கையாளர் வந்தால் கண்ணை எடுக்காமல் ஒரு விரலை மட்டும் உயர்த்துவார். முதலாளியே வந்தாலும் அதே விரல்.

அவர்தான் எனக்கு தர்வீஷின் அந்த பெய்ரூட் புத்தகத்தைப் பற்றிச் சொன்னார், 'மறதிக்கான நினைவு'. 1982 ஆகஸ்ட்டில் ஒரு நாள், இஸ்ரேலியக் குண்டுவீச்சுக்கு நடுவில். விடிகாலை. தர்வீஷ் வீட்டுச் சமையலறை கடல் பக்கம் பார்த்தது. குண்டு வருகிற திசையும் அதுதான். காப்பி போட வேண்டும், சமையலறைக்குப் போக முடியவில்லை. காப்பிக்காக ஐந்து நிமிஷப் போர்நிறுத்தம் கேட்கிறார். பக்கம் பக்கமாகக் காப்பி போடுவதை எழுதுகிறார். தண்ணீர், தூள், கரண்டி, சுற்றுகிற திசை. பக்கத்துக் கட்டடங்கள் விழுந்துகொண்டிருக்கின்றன.

கட்சிக்காரரா என்று கேட்டீர்களே, கட்சிக்காரர் யாராவது முற்றுகையைப் பற்றி எழுது என்றால் காப்பித்தூள் பற்றி எழுதுவாரா? முதல் தரம் கேட்டபோது எனக்கு எரிச்சல்தான் வந்தது, உண்மையைச் சொல்கிறேன். ஊர் எரிகிறது, உனக்குக் காப்பியா என்று. அபூ ரமி ரக்வாவை இறக்கிவிட்டு, "அந்த வருஷம் நானும் ஸைதாவில்தான் இருந்தேன். எனக்கு எந்தச் செத்தவன் முகமும் ஞாபகம் இல்லை. தண்ணீர் இல்லாதது ஞாபகம் இருக்கிறது" என்றார். அதற்கு மேல் பேசவில்லை.

2023 ஆகஸ்ட் 14

காப்பியில் ஏலக்காய் போடுவதா வேண்டாமா என்று ஏழு பேர் சண்டை போட்டிருக்கிறார்கள். கும்பகோணம் டிகிரி காப்பியை இழுத்தவர் யார் என்று தெரியும், பெயர் சொல்லவில்லை. தயவுசெய்து நிறுத்துங்கள்.

(போட வேண்டும்.)

2023 ஆகஸ்ட் 19

இன்று பாலஸ்தீனக் கவிஞர் சமீஹ் அல்-காசிமின் நினைவு நாள், 2014இல் இறந்தார். தர்வீஷையும் இவரையும் ஒரே ஆரஞ்சின் இரண்டு பாதிகள் என்பார்கள். ஒருவர் போனார், ஒருவர் கலிலேயாவிலேயே இருந்தார். எண்பதுகளில் இருவரும் ஒருவருக்கொருவர் எழுதிய கடிதங்களைப் பத்திரிகையில் வெளியிட்டார்கள். போனவன், இருந்தவன் வழக்கு அதில் அன்பாக நடக்கிறது.

அரசியல் பக்கம் நான் மழுப்புகிறேன் என்று ஒருவர் சொல்கிறார். மழுப்பவில்லை. வரிசையாகச் சொல்கிறேன். இளம்வயதில் இஸ்ரேலியக் கம்யூனிஸ்ட் கட்சிப் பத்திரிகைகளில் வேலை. 1987இல் பி.எல்.ஓ. நிர்வாகக் குழு உறுப்பினர். 1988 நவம்பர் 15 அன்று அல்ஜியர்ஸில் பி.எல்.ஓ. தலைவர் அரஃபாத் வாசித்த பாலஸ்தீன சுதந்திரப் பிரகடனத்தை எழுதியவர் இவர். 1993இல் பி.எல்.ஓ. இஸ்ரேலோடு செய்த ஆஸ்லோ ஒப்பந்தம் பிடிக்காமல் குழுவிலிருந்து விலகினார். விலகினாலும் 1996இல் ரமல்லா வந்து குடியேறினார், அந்த ஒப்பந்தம் திறந்துவிட்ட வாசல் வழியாகவே. முரண்பாடுதான். அவரும் மறுத்திருக்க மாட்டார்.

கட்சிக்காரரா என்றால் ஆமாம், கொஞ்ச காலம். ஆனால் 1969இல், இன்னும் ஹைஃபாவில் இருக்கும்போதே, ஒரு கட்டுரை எழுதினார். தலைப்பு: "இந்தக் கொடூரமான அன்பிலிருந்து எங்களைக் காப்பாற்றுங்கள்". அதற்கு மூன்று வருஷம் முன்னால்தான் பாலஸ்தீன எழுத்தாளர் கஸ்ஸான் கனஃபானி பெய்ரூட்டிலிருந்து "எதிர்ப்பு இலக்கியம்" என்ற பெயரில் இவர்களை அரபு உலகத்துக்கு அறிமுகம் செய்திருந்தார். அதுவரை இப்படிச் சிலர் உள்ளே இருந்து எழுதுகிறார்கள் என்றே வெளியே பலருக்குத் தெரியாது. தெரிந்ததும் புகழ்மழை. பாலஸ்தீனத்திலிருந்து எது வந்தாலும் தங்கம். தர்வீஷ் சொன்னது, அனுதாபத்துக்காகப் பாராட்டாதீர்கள், கவிதையைக் கவிதையாக எடைபோடுங்கள் என்று. இருபத்தெட்டு வயது. கைதட்டுகிறவனைப் பார்த்துக் கையை இறக்கு என்று சொல்ல அந்த வயதில் எனக்குத் தைரியம் இருந்திருக்காது. இப்போதும் இல்லை.

எதிர்த்தரப்பு அவரை எப்படிப் படித்தது என்பதும் வேடிக்கை. 1988இல் அவருடைய ஒரு கவிதையை இஸ்ரேல் பிரதமர் ஷமீர் நாடாளுமன்றத்தில் எடுத்துவைத்துத் திட்டினார். 2000இல் கல்வி அமைச்சர் யோஸி ஸாரித் அவர் கவிதைகளில் சிலதை இஸ்ரேலியப் பள்ளிகளில் விருப்பப் பாடமாக வைக்கலாம் என்றார். அரசையே கவிழ்க்கிற அளவுக்குக் கூச்சல். நம்பிக்கையில்லாத் தீர்மானம் வரை போனது, தோற்றது. பிரதமர் பராக், நாடு இதற்கு இன்னும் தயாராகவில்லை என்று முடித்தார். 2016இல் ராணுவ வானொலியில் அந்த "எழுதிக்கொள்" கவிதையைப் பற்றி ஒரு நிகழ்ச்சி போட்டதற்கு, பாதுகாப்பு அமைச்சர் லீபர்மன் வானொலித் தலைவரை அழைத்து விளக்கம் கேட்டார். எழுதி ஐம்பத்திரண்டு வருஷம் கழித்து, கவிஞர் செத்து எட்டு வருஷம் கழித்து.

தர்வீஷுக்கு ஹீப்ரு நன்றாகத் தெரியும். ஸ்பானிய மொழிக் கவிஞர்கள் லோர்காவையும் நெரூடாவையும் முதலில் ஹீப்ரு வழியாகப் படித்தவர். திட்டியவர்களில் எத்தனை பேருக்கு அரபு தெரிந்திருக்கும்?

2023 ஆகஸ்ட் 20

"லீபர்மன் கோபப்பட்டது அந்தக் கடைசி வரிக்காக, அதை ஏன் விட்டுவிட்டீர்கள்?" சரி. கடைசியில் அந்தக் குவாரிக்காரன், எனக்குப் பசித்தால் என் நிலத்தைப் பறித்தவனின் சதையைத் தின்பேன் என்கிறான். விடவில்லை, மறந்தேன். மறந்ததே சந்தேகத்துக்குரியது என்று நீங்கள் சொல்லலாம். எனக்கு அந்த வரி பிடிக்காது. ஆனால் "பசித்தால்" என்ற சொல்லை விட்டுவிட்டு அதை மேற்கோள் காட்டுபவர்களை அதைவிடப் பிடிக்காது.

2023 செப்டம்பர் 3

தமிழில் படிக்க வேண்டுமென்றால் எங்கே தொடங்குவது என்று பலர் கேட்டிருக்கிறார்கள். பாலஸ்தீனக் கவிதைகளை நமக்குத் தொகுப்பாகக் கொண்டுவந்தவர் இலங்கையின் எம்.ஏ. நுஃமான், 1981இல், ஆங்கிலம் வழியாக. அங்கிருந்து தொடங்குங்கள்.

ஆனால் "ஸஜ்ஜில்" என்ற சொல்லை என்ன செய்வது? "எழுதிக்கொள்" என்றால் கொஞ்சம் சாதுவாக இருக்கிறது, கடைக்காரரிடம் கணக்கில் எழுதச் சொல்கிற மாதிரி. "பதிவு செய்" என்றால் பத்திர ஆபீஸ் வாசனை சரியாக வருகிறது, உதைக்கிற தெம்பு வரவில்லை. "குறித்துக்கொள்" என்றால் எங்கள் ஊர்ப் பக்கம் மிரட்டல்: "குறிச்சு வச்சுக்கடா." மிரட்டலும் வேண்டும், ஆபீஸும் வேண்டும். வளைகுடாவில் இருந்தவர்களுக்குத் தெரியும், தஸ்ஜீல் என்பது அங்கே தினசரிச் சொல். வண்டிப் பதிவுக்குத் தஸ்ஜீல், பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கத் தஸ்ஜீல். வீரமான சொல்லே இல்லை அது. கவுண்டர் சொல். அதை வீரமாக்கியதுதான் வித்தை.

ஒரு அசட்டுத்தனத்தை ஒப்புக்கொள்கிறேன். சின்ன வயதில் மதரஸாவில் ஓதியவன் நான். எங்களுக்கு அரபு எழுத்து வாசிக்க வரும், அர்த்தம் தெரியாது. ஜபர், ஜேர், பேஷ் என்ற உயிர்க்குறி போட்டிருந்தால் என்ன எழுத்தானாலும் கடகடவென்று ஓதிவிடுவோம். குறி இல்லாவிட்டால் கை கால் ஆடும். தர்வீஷ் இறந்த அடுத்த வருஷம் அபூ ரமி ஒரு ஜெராக்ஸ் தாளைக் கொடுத்து, "நீ ஓதுவாயே, இதை ஓது பார்ப்போம்" என்றார். குறி எதுவும் இல்லாத அச்சு. முதல் சொல் மூன்றே எழுத்து: ஸீன், ஜீம், லாம்.

எனக்குத் தெரிந்த ஒரே வழியில் வாசித்தேன்: "ஸிஜில்". அது குர்ஆனில் வருகிற சொல். அன்பியா சூராவில் வானத்தை ஏடு சுருட்டுவது போலச் சுருட்டுவோம் என்று வரும் இடம். அங்கே ஸிஜில் என்றால் ஏடு. நான் அதே ராகத்தில், நீட்ட வேண்டிய இடத்தில் நீட்டி, ஹஜரத் தலையில் குட்டாத அளவுக்குச் சுத்தமாக, "ஏடு, நான் அரபி" என்று ஓதி முடித்தேன்.

அபூ ரமி பிரேக் ஷூ பெட்டி மேல் உட்கார்ந்து கண்ணில் நீர் வரச் சிரித்தார். "யா இப்னீ (மகனே), இது ஓதுகிறது இல்லை. கோபமாகச் சொல்ல வேண்டும். ஸஜ்ஜில்!" என்று மேஜையைத் தட்டிக் காட்டினார். டெலிவரி நோட்டுக் கட்டு கீழே விழுந்தது. அப்புறம் தாளை என் கையிலிருந்து வாங்கிக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். "உன் வாசிப்பும் தப்பில்லை" என்றார். ஏன் என்று கேட்கவில்லை. கேட்டிருக்கலாம். ஆகஸ்ட் 10 அன்று அந்தக் கணக்கெடுப்பைப் பற்றி எழுதும்போதுதான் எனக்கு அவர் சொன்னது உறைத்தது, பதினாலு வருஷம் லேட்டாக.

2023 டிசம்பர் 11

மூன்று மாதமாக இங்கே எதுவும் எழுதவில்லை. அக்டோபரில் காஸா போர் தொடங்கிய பிறகு கவிதை பற்றிப் பேசக் கை வரவில்லை.

காஸாவில் ரிஃபாத் அல்-அரீர் டிசம்பர் 6 அன்று வான் தாக்குதலில் கொல்லப்பட்டார். கூடவே அவர் சகோதரர், சகோதரி, சகோதரியின் பிள்ளைகள். காஸா இஸ்லாமியப் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் நடத்தியவர். நான் செத்தால் நீ இருந்து என் கதையைச் சொல் என்று தொடங்கும் அந்தக் காற்றாடிக் கவிதை நாலு நாளாக எல்லா மொழியிலும் சுற்றுகிறது. தமிழிலும் பார்த்தேன், மூன்று மொழிபெயர்ப்பு.

ஆகஸ்டில் நான் எழுதினதை மேலே போய்ப் படித்தேன். ஒரே கவிதையைத் தூக்கிக்கொண்டு அலையாதீர்கள் என்று உங்களுக்கு வகுப்பெடுத்திருக்கிறேன். இந்த வாரம் நானும் ஒரே ஒரு கவிதையைத்தான் பகிர்ந்தேன், அந்த மனிதர் எழுதின வேறு எதையும் படிக்காமல். முதல் கேள்வி கேட்டவருக்கு நான் சொன்ன பதிலில் கொஞ்சம் மேதாவித்தனம் இருந்தது. தர்வீஷுக்கு அந்தக் கவிதையைத் தள்ளிவைக்க உரிமை இருந்தது. முகாமில் பிறந்து அதை மனப்பாடம் செய்தவனிடம் போய் அது சுமாரான கவிதை என்று சொல்ல எனக்கு என்ன உரிமை?

2023 டிசம்பர் 12

இல்லை, அதற்காக விமர்சனமே கூடாது என்று சொல்லவில்லை. "கொடூரமான அன்பு" கட்டுரையை நானே மேலே எழுதிவிட்டு இன்று அதற்கு எதிராகப் பேசுகிறேன் என்று சுட்டிக்காட்டியவருக்கு: ஆமாம், பேசுகிறேன். இரண்டுக்கும் நடுவில் எங்கேயோ நிற்கிறேன். இடம் பிடிபட்டால் சொல்கிறேன்.

2024 மார்ச் 13

இன்று தர்வீஷ் பிறந்த நாள். நேற்று அபூ ரமி பேசினார். அவர் இப்போது மகனோடு ஸ்வீடனில். இந்தப் பக்கத்தைப் பற்றிச் சொன்னேன். "டைப்பிங் சென்டர் கதையை எழுதினாயா?" என்று கேட்டார். எழுதவில்லை. எழுதுகிறேன்.

2011 இருக்கும். அவர் விசா புதுப்பிக்க வேண்டும். லெபனானில் இருக்கும் பாலஸ்தீனருக்கு பாஸ்போர்ட் கிடையாது, வஸீகா என்று ஒரு பயணப் பத்திரம். ஒவ்வொரு தடவையும் அதை வைத்துக்கொண்டு அவர் படும் பாட்டைப் பார்த்திருக்கிறேன். அன்று துணைக்கு நானும் போனேன். சனையாவில் ஒரு சின்ன டைப்பிங் சென்டர். கம்ப்யூட்டர் முன்னால் மலையாளி ஒருவர், காதில் பேனா, பக்கத்தில் ஆறிப்போன சுலைமானி டீ. அரபு விண்ணப்பங்களை நாள் முழுக்க அடித்து அடித்து நிமிர்ந்தே பார்க்காமல் பேசுகிற ஆள்.

"பேர்?" சொன்னார்.

"ஜின்ஸிய்யா?" எந்த நாடு என்று கேட்டார்.

அபூ ரமி என்னைப் பார்த்துக் கண்ணடித்தார். நெஞ்சை நிமிர்த்தி, மேஜையில் இரண்டு கையையும் ஊன்றி, "ஸஜ்ஜில்! அன அரபீ!" என்றார்.

மலையாளி நிமிரவில்லை. "அது தெரியும். வஸீகா நம்பர்?"

"கம்ஸூன அல்ஃப்," என்றார் அபூ ரமி. ஐம்பதாயிரம். கவிதையில் அடுத்த வரி.

மலையாளி 5, 0, 0, 0, 0 என்று அடித்துவிட்டு அடுத்த கட்டத்துக்குப் போனார். நாங்கள் இரண்டு பேரும் சிரிப்பை அடக்கிக்கொண்டு நின்றோம். கம்ப்யூட்டர் ஏற்றுக்கொள்ளவில்லை. சிவப்பில் ஏதோ வந்தது. அவர் அப்போதுதான் நிமிர்ந்து, இது நம்பர் குறைகிறதே, சரியாகப் பார்த்துச் சொல்லுங்கள் என்றார். அபூ ரமி சட்டைப்பையிலிருந்து வஸீகாவை எடுத்தார், மூக்குக் கண்ணாடியைத் தேடினார், கண்ணாடி கடையில் இருந்தது. நான் வாங்கி ஒவ்வொரு எண்ணாக வாசித்தேன். மறுபடி முதலிலிருந்து அடிக்க வேண்டியிருந்ததால் பத்து திர்ஹம் கூட வாங்கினார்.